எட்டரை நிமிஷ அகதி முகாம்

(எபிசோடின் எழுத்து வடிவம். படிக்க வசதியா சில இடங்கள்ல சுருக்கியிருக்கோம். பேச்சு நடையை முடிஞ்ச வரைக்கும் மாத்தல.)

போன எபிசோட்ல விஆர் ஹெட்செட்டுக்குள்ள ஒரு காட்சி எப்படி உருவாகுதுன்னு பேசினோம். லென்ஸ், ரெஃப்ரெஷ் ரேட், ஏன் தலை சுத்துதுன்னு முழுக்க முழுக்க டெக்னிக்கலாவே போயிட்டோம். அதைக் கேட்டுட்டு ஒருத்தர் மெயில் போட்டிருந்தார். "எல்லாம் சரி தம்பி, கேம் விளையாடறதைத் தவிர இதால யாருக்காவது ஒரு நல்லது நடந்திருக்கா?"

நியாயமான கேள்வி. இதுக்குப் பதில் சொல்றவங்க எல்லாரும் முதல்ல காட்டுறது ஒரே ஒரு படத்தைத்தான். 'கிளவுட்ஸ் ஓவர் சிட்ரா'. 2015-ல வந்தது. நீளம் எட்டரை நிமிஷம். இன்னைக்கு அதைப் பத்தித்தான் பேசப்போறேன். அதைப் பார்த்துட்டு என் ஃப்ரெண்ட் ஒருத்தன் சொன்ன ஒரு விஷயமும் இருக்கு. அது கொஞ்சம் பின்னாடி வரும்.

நான் அதை முதல்ல பார்த்தது வேலைக்குச் சேர்ந்த புதுசுல. ஆபீஸ்ல ஒரு நாள் விஆர் டெமோ வெச்சிருந்தாங்க. முதல்ல ரோலர் கோஸ்டர். எங்க டீம்ல ஒருத்தன் கத்தி, நாற்காலியோட சாய்ஞ்சு, எல்லாரும் சிரிச்சு, ஒரே கலாட்டா. அதே ஹெட்செட்ல, ஒரு டிஷ்யூ பேப்பரால லென்ஸைத் துடைச்சுட்டு, அடுத்ததா இந்தப் படத்தைப் போட்டாங்க.

கண்ணைத் திறந்தா பாலைவனம். அப்புறம் ஒரு சின்ன அறை. சுத்தி ஒரு குடும்பம் உக்காந்திருக்கு, நடுவுல நான். சிட்ராங்கிற 12 வயசு சிரியா நாட்டுப் பொண்ணு தன் கதையைச் சொல்றா. இடம் ஜோர்டான்ல இருக்கிற ஸாத்தாரி அகதி முகாம். சிரியா எல்லையில இருந்து ஒரு 12 கிலோமீட்டர்தான். 2012 ஜூலையில வெறும் மணல்ல கூடாரம் அடிச்சு ஆரம்பிச்ச முகாம். படம் எடுக்கும்போது அங்க 80,000 பேருக்கு மேல இருந்தாங்க. ஒரு நடுத்தர ஊரோட மக்கள்தொகை அது. அவ வந்து ஒன்றரை வருஷம் ஆச்சுன்னு சொல்றா. கிளாஸ் ரூம் காட்டுறாங்க, ரொட்டி சுடுற இடம் காட்டுறாங்க, கம்ப்யூட்டர் கேம் விளையாடற பசங்க, ஜிம், பொண்ணுங்க ஃபுட்பால் ஆடுற மைதானம். மேல போற மேகம் சிரியாவுல இருந்துதான் வருதுன்னு அவ டீச்சர் சொன்னாங்களாம். படத்தோட பேர் அங்க இருந்து வந்தது.

ஹெட்செட்டைக் கழட்டினப்போ என் கண்ணு கலங்கியிருந்தது. பக்கத்துல இருந்தவன் பார்த்துட்டான். "தூசி"ன்னேன். அப்புறம் கேன்டீன் போய் டீயும் சமோசாவும் சாப்பிட்டோம். அந்த மத்தியானம் முழுக்க மனசுல ஒரு மாதிரி நிறைவா இருந்துச்சு, ஏதோ நல்ல காரியம் பண்ணிட்டு வந்த மாதிரி. யோசிச்சுப் பார்த்தா நான் ஒண்ணுமே பண்ணல. நாற்காலியில உக்காந்து கழுத்தைத் திருப்பினேன், அவ்வளவுதான். அந்த நிறைவு எங்க இருந்து வந்ததுங்கிறதுதான் எனக்கு ரொம்ப நாளா உறுத்திக்கிட்டே இருந்த கேள்வி.

முதல்ல அந்தப் படம் எப்படி வேலை செய்யுதுன்னு பார்த்துடலாம். இயக்கினது ரெண்டு பேர். கேபோ அரோரா, ஐநா சபையில வேலை பார்த்தவர். இன்னொருத்தர் கிறிஸ் மில்க், மியூசிக் வீடியோ எடுத்துக்கிட்டிருந்தவர். ஐநாவும் சாம்சங்கும் சேர்ந்து பண்ணினது. இது 360 டிகிரி வீடியோ. எல்லாப் பக்கமும் பார்க்கிற மாதிரி பல லென்ஸை ஒண்ணா அடுக்கி, ஒரு ஸ்டாண்டுல நட்டு வெச்சுட்டு, எடுக்கிறவங்க ஓடிப்போய் ஒளிஞ்சுக்கணும். இல்லைன்னா அவங்களும் படத்துல வந்துடுவாங்க. அப்புறம் எல்லா வீடியோவையும் ஓரம் ஒட்டித் தைக்கணும்.

சாதாரண சினிமாவுல டைரக்டர் ஒரு சட்டம் போட்டு, அதுக்குள்ள இருக்கிறதைப் பாருன்னு சொல்றார். இதுல சட்டமே கிடையாது. அழற குழந்தையைப் பார்க்கிறதா, மூலையில மடிச்சு வெச்சிருக்கிற பாயைப் பார்க்கிறதான்னு நீங்கதான் முடிவு பண்றீங்க. அதனாலதான் 'யாரோ காட்டினாங்க'ங்கிற நினைப்பு போய் 'நானே பார்த்தேன்'ங்கிற நினைப்பு வருது. ஆனா இதுல ஒரு கட்டுப்பாடு இருக்கு, போன எபிசோட்லயே சொன்னேன். தலையைத் திருப்பலாம், ஒரு அடி கூட நகர முடியாது. நீங்க முன்னாடி போனா மொத்த முகாமும் உங்க கூடவே முன்னாடி வரும். கீழ குனிஞ்சு பார்த்தா உங்க காலும் இருக்காது.

நகரவும் முடியுற மாதிரி செஞ்சவங்க இருக்காங்க. நானி டி லா பென்யாங்கிற பத்திரிகையாளர் 2012-ல சன்டான்ஸ் விழாவுக்கு 'ஹங்கர் இன் லாஸ் ஏஞ்சல்ஸ்'னு ஒண்ணு கொண்டுபோனாங்க. இலவச உணவுக்காக நிக்கிற வரிசை. சர்க்கரை நோய் இருக்கிற ஒருத்தர் மயங்கி விழறார். அந்த ஒலி நிஜமா ரெக்கார்ட் பண்ணது, உருவங்கள் கம்ப்யூட்டர்ல செஞ்சது, பார்க்க பழைய வீடியோ கேம் பொம்மை மாதிரிதான் இருக்கும். ஆனா பார்த்தவங்க முட்டி போட்டு உக்காந்து, அங்க இல்லாத ஆளைத் தொட்டுத் தூக்கப் பார்த்தாங்க. அழுதாங்க. (அந்த ஹெட்செட்டைச் செய்யக் கூட இருந்த பையன் பேர் பால்மர் லக்கி. அப்புறமா ஆக்குலஸ் கம்பெனியை ஆரம்பிச்சதும் அவன்தான். அது தனி எபிசோடுக்கான கதை.) ரெண்டு வருஷம் கழிச்சு அதே அம்மா அலெப்போ தெருவுல குண்டு வெடிக்கிறதை 'ப்ராஜெக்ட் சிரியா'ன்னு செஞ்சாங்க.

2017-ல மெக்ஸிகோ டைரக்டர் இன்யாரித்து 'கார்னே இ அரேனா' செஞ்சார். அமெரிக்க எல்லையைத் திருட்டுத்தனமா தாண்டுறவங்களைப் பத்தினது. செருப்பைக் கழட்டச் சொல்லி, ஜில்லுன்னு ஒரு அறையில காக்க வெச்சு, அப்புறம் நிஜ மணல்ல வெறுங்காலோட நடக்க விடுவாங்க. எல்லைக் காவல் படை வந்து துப்பாக்கியை நீட்டும். அங்க நிக்கிற ஒருத்தரோட உருவத்துக்குள்ள நீங்க நடந்தா, உள்ளே துடிக்கிற இதயம் தெரியும். கான் விழாவுல காட்டினாங்க, ஆஸ்கர்ல தனி விருது கொடுத்தாங்க.

இப்ப கணக்குக்கு வருவோம். 2015 ஜனவரியில சிட்ரா படத்தை டாவோஸ்ல போட்டாங்க, உலகப் பொருளாதார மன்றத்துல. கோட் சூட் போட்ட பெரிய மனுஷங்க எல்லாம் ஹெட்செட்டை மாட்டிக்கிட்டு அண்ணாந்து பார்த்த போட்டோ நிறைய இருக்கு. மார்ச்ல கிறிஸ் மில்க் டெட் மேடையில ஏறி, விஆர்தான் உச்சபட்ச 'எம்பதி மெஷின்'னு சொன்னார். எம்பதிக்கு 'பச்சாதாபம்'னு எழுதறாங்க, எனக்கு அந்த வார்த்தையில கொஞ்சம் பரிதாபம் கலந்த மாதிரி தோணும். அடுத்தவங்க நெலமையில நின்னு உணர்றதுன்னு வெச்சுக்குவோம். சினிமாவையே அப்படி ஒரு மெஷின்னு விமர்சகர் ரோஜர் ஈபர்ட் அதுக்கு முன்னாடியே சொல்லியிருந்தார். மில்க் அதுக்கு மேல 'உச்சபட்ச'ங்கிற ஒரு வார்த்தையைச் சேர்த்தார். அந்த வருஷம் நவம்பர்ல நியூயார்க் டைம்ஸ் தன் சந்தாதாரர்களுக்குப் பத்து லட்சத்துக்கும் மேல அட்டைப்பெட்டி ஹெட்செட் அனுப்பி, அகதிக் குழந்தைகளைப் பத்தி 'தி டிஸ்ப்ளேஸ்டு'ன்னு ஒரு படம் விட்டுச்சு.

யுனிசெஃப் தெருவுல நின்னு நன்கொடை கேட்கிறவங்க கையில சிட்ரா படத்தைக் கொடுத்தது. பார்த்தவங்கள்ல ஆறுல ஒருத்தர் பணம் கொடுத்தாங்க, வழக்கத்தைவிட இது ரெண்டு மடங்குன்னு சொன்னாங்க. கேட்கவே சந்தோஷமா இருக்கு. ஆனா எங்க வேலையில ஒரு பட்டனோட கலரை மாத்தினாக்கூட 'ஏ/பி டெஸ்ட் எங்கப்பா'ன்னு கேட்பாங்க. தெருவுல போற பத்துப் பேர்ல ஒன்பது பேர் கையை ஆட்டிட்டுப் போயிடுவாங்க. நின்னு, முகம் தெரியாதவங்க கொடுக்கிற ஒரு டப்பாவைக் கண்ணுல மாட்டிக்கிட்டு, எட்டரை நிமிஷம் செலவு பண்றவர் ஏற்கெனவே பாதி கொடுக்கத் தயாரா இருக்கிறவர்தான். அதோட 2015-ல ஹெட்செட்டே ஒரு அதிசயம். அந்த வியப்புக்குப் போன காசு எவ்வளவு, சிட்ராவுக்குப் போனது எவ்வளவு? அதே மார்ச்ல குவைத்ல நடந்த மாநாட்டுல சிரியாவுக்காக நாடுகள் 380 கோடி டாலர் தர்றதாச் சொன்னதையும் சில பேர் இந்தப் படத்தோட கணக்குல எழுதுவாங்க. ஒரு நாட்டோட நிதி அமைச்சகம் அப்படி முடிவு எடுக்காது.

ஒழுங்கா அளந்த ஆராய்ச்சியும் இருக்கு. 2018-ல ஸ்டான்ஃபோர்டுல ஃபெர்னாண்டா ஹெரேரா, ஜெரமி பெய்லன்சன் குழு 500 பேருக்கு மேல வெச்சு ஒண்ணு பண்ணாங்க. அது அகதிகளைப் பத்தினது இல்ல, வீடு இழக்கிறதைப் பத்தினது. ஒரு பிரிவு விஆர்ல அனுபவிச்சுது, இன்னொரு பிரிவு அதே கதையைப் படிச்சுக் கற்பனை பண்ணிக்கிச்சு. அப்புறம் வீட்டு வசதிக்கு ஆதரவா ஒரு மனுவுல கையெழுத்துக் கேட்டாங்க. விஆர் பார்த்தவங்கள்ல நூத்துக்கு 82 பேர் போட்டாங்க, படிச்சவங்கள்ல 67. வித்தியாசம் இருக்கு, மறுக்க முடியாது. ஆனா வெறும் காகிதமும் 67 வாங்குது பாருங்க. 2021-ல 43 ஆய்வுகளைச் சேர்த்துப் பார்த்த இன்னொரு கட்டுரை வந்துச்சு. விஆர் நம்ம உணர்ச்சியைக் கிளப்புது, ஆனா அடுத்தவங்க என்ன நினைக்கிறாங்க, ஏன் அப்படி நினைக்கிறாங்கன்னு புரிஞ்சுக்கிற திறனைக் கூட்டலைன்னு அதுல வந்த முடிவு.

இதைப் படிச்சப்பதான் என் சமோசா ஞாபகம் வந்துச்சு. மனசு நிறைஞ்சது உண்மை. ஆனா அன்னைக்கு சாயங்காலம் 'அவ ஏன் ஊருக்குத் திரும்ப முடியல, அவ அப்பாவால ஜோர்டான்ல வேலைக்குப் போக முடியுமா'ன்னு கேட்டிருந்தா எனக்கு ஒண்ணுமே தெரிஞ்சிருக்காது. அவ வீட்டுப் பாய் என்ன நிறம்னு கேட்டா சொல்லியிருப்பேனோ என்னவோ.

பால் ப்ளூம்னு ஒரு உளவியல் பேராசிரியர் 2017-ல இதை நேரடியாவே தாக்கி எழுதினார். அகதியா இருக்கிறதோட கொடுமை கண்ணுக்குத் தெரியுற காட்சியிலயோ காதுல விழுற சத்தத்துலயோ இல்லைங்கிறது அவர் வாதம். பயம், எப்ப முடியும்னு தெரியாத நிலை, வேற வழியில்லாம மாட்டிக்கிட்டது, அதெல்லாம்தான் கொடுமை. ஹெட்செட் போட்டவர் நினைச்ச நேரம் கழட்டிடலாம். நான் இதை எங்க பாஷையில சொல்லிப் பார்க்கிறேன். விஆர்ல நாங்க தலைகீழா நின்னு போராடுறது இருபது மில்லிசெகண்டுக்காக. தலையைத் திருப்பினதும் அதுக்குள்ள படம் மாறலைன்னா மூளை ஏமாறாது. இடத்தை ஏமாத்துறதுக்கு அது போதும். ஒன்றரை வருஷத்தை எந்த சென்சார் வெச்சு ஏமாத்துறது?

ஸாத்தாரியில அப்புறம் நடந்த இன்னொரு டெக்னாலஜி கதை இதைவிட எனக்கு முக்கியமாப் படுது. 2016 அக்டோபர்ல உலக உணவுத் திட்டம் அங்க இருக்கிற சூப்பர் மார்க்கெட்டுகள்ல கருவிழி ஸ்கேனரை வெச்சுது. அகதிகள் அரிசியோ எண்ணெயோ எடுத்துட்டு கவுன்டர்ல வந்து கண்ணைக் காட்டணும். கார்டு வேண்டாம், காசு வேண்டாம். கண்ணுதான் பர்ஸ். வசதிதான், திருட்டுப் போகாது. ஆனா 'என் கண்ணை ஸ்கேன் பண்ண வேண்டாம்'னு சொன்னா அவங்க வீட்டுல அன்னைக்கு என்ன சமைக்கிறது? இதைப் பத்தி எட்டரை நிமிஷப் படம் எடுத்து டாவோஸ்ல போட்டா யாருக்கும் கண்ணு கலங்காது.

இப்ப ஃப்ரெண்ட் கதை. பேர் சொல்ல வேண்டாம்னு கேட்டுக்கிட்டான், மத்தபடி பேசிக்கோன்னு சொல்லியிருக்கான். இன்ஜினியரிங்ல நாலு வருஷம் என் கிளாஸ். அவங்க அப்பா அம்மா 1990-ல இலங்கையில இருந்து படகுல வந்தவங்க. இவன் பொறந்தது தமிழ்நாட்டுல ஒரு முகாம்ல. எங்க காலேஜ்ல இருந்து ஒரு மணி நேர பஸ். 2021-ல இருந்து அரசாங்கம் அதை 'மறுவாழ்வு முகாம்'னு சொல்லுது. ஒரு ஒற்றுமையைச் சொல்லிடறேன். 1951-ல வந்த அகதிகள் உடன்படிக்கையில ஜோர்டானும் கையெழுத்துப் போடல, இந்தியாவும் போடல.

காலேஜ்ல மாசத்துல ஒரு குறிப்பிட்ட நாள் அவன் கட்டாயம் ஊருக்குப் போயிடுவான். இன்டர்னல் எக்ஸாம் இருந்தாலும் சரி, கல்ச்சுரல்ஸ் இருந்தாலும் சரி. "ஆளைப் பார்க்கப் போறான்டா"ன்னு நாங்க ஓட்டுவோம். சிரிச்சுக்கிட்டே போவான். ஃபைனல் இயர்ல தான் தெரிஞ்சுது, அன்னைக்கு முகாம்ல செக்கிங். அதிகாரி வந்து தலை எண்ணுவார். ஆள் இல்லைன்னா உதவித்தொகையில சிக்கல். பிளேஸ்மென்ட்ல அவனுக்கு ஒரு கம்பெனி ஆஃபர் கொடுத்துச்சு, எங்க எல்லாரையும் விட நல்ல சம்பளம். ஜாயினிங்குக்கு பாஸ்போர்ட் கேட்டாங்க. அவன்கிட்ட எந்த நாட்டு பாஸ்போர்ட்டும் கிடையாது. ஆஃபர் போச்சு. இப்ப சென்னையில ஒரு சின்ன கம்பெனியில பேக்எண்ட் பார்க்கிறான்.

போன மாசம் என் ஹெட்செட்டைத் தூக்கிக்கிட்டு அவன் ரூமுக்குப் போனேன். நான் போனது எபிசோடுக்காகத்தான், பொய் சொல்லல. யூடியூப்ல சிட்ரா படத்தைப் போட்டுக் கொடுத்தேன். பேசாம பார்த்தான். படத்துல ஒரு இடத்துல குழந்தைங்க எல்லாம் கேமராவைச் சுத்தி வட்டமா நின்னு நம்மளையே எட்டிப் பார்ப்பாங்க. நான் முதல்ல பார்த்தப்ப கண்ணு கலங்கினது அங்கதான். அவன் அந்த இடத்துல சிரிச்சான்.

கழட்டினதும் கேட்டேன், ஏன்டா சிரிச்சேன்னு.

"மச்சான், நான் அந்தப் பக்கம் நின்னவன்டா. வெளியில இருந்து கேமரா எடுத்துட்டு வருவாங்க. பேப்பர்காரங்க, காலேஜ் பசங்க, என்ஜிஓ, யாராவது. நாங்க இப்படித்தான் சுத்தி நிப்போம். சட்டையை இழுத்து விட்டுக்குவோம். எடுத்துட்டுப் போயிடுவாங்க. ஒருத்தர் கூட அந்த போட்டோவைத் திரும்பக் கொண்டுவந்து எங்ககிட்ட காட்டினதில்ல."

கொஞ்ச நேரம் கழிச்சு, "படம் நல்லாத்தான் எடுத்திருக்காங்க. வீடு அப்படியே இருக்கு. ஆனா முகாம்னா எனக்கு ஞாபகம் வர்றது வீடு இல்ல. காத்துக்கிட்டு இருக்கிறது. செக்கிங்குக்கு, லெட்டருக்கு, தண்ணிக்கு, யாராவது ஒரு முடிவு சொல்றதுக்கு. அதை நீ எப்படிடா ஷூட் பண்ணுவ?"ன்னான்.

நான் காலேஜ்ல ஓட்டினதுக்கு சாரி கேட்டேன். "அதெல்லாம் நல்லாத்தான்டா இருந்துச்சு. ஆள் இருக்குன்னு நினைச்சீங்கல்ல, அது எனக்கு கெத்துதானே"ன்னான். அதுக்கு என்ன சொல்றதுன்னு தெரியாம டீ போடப் போயிட்டேன்.

இதனால சிட்ரா படம் மோசம்னு நான் சொல்லல. அது இல்லைன்னா ஸாத்தாரிங்கிற பேரே எனக்குத் தெரிஞ்சிருக்காது. எனக்குப் பிரச்சினை 'மெஷின்'ங்கிற வார்த்தையோடதான். மெஷின்னா உள்ளே ஒண்ணு போட்டா வெளியே ஒண்ணு வரணும். இங்க உள்ளே போறது அவங்க வாழ்க்கை, வெளியே வர்றது என் நிறைவு. என் பக்கத்துல நாலு வருஷம் உக்காந்து என் ரெக்கார்டு நோட்டைப் பார்த்து எழுதினவனைப் பத்தி எனக்குத் தெரியாம இருந்ததுக்குக் காரணம் ஹெட்செட் இல்லாதது இல்ல. நான் கேட்கல.

கேமரா யார் கையில இருக்குங்கிறதும் இருக்கு. அதே ஸாத்தாரியில, ஒரு வொர்க்ஷாப்ல வீடியோ எடுக்கக் கத்துக்கிட்ட 17 வயசுப் பொண்ணு ஒருத்தி 'அனதர் கைண்ட் ஆஃப் கேர்ள்'னு ஒரு குறும்படம் எடுத்தா. விஆர் இல்ல, 360 இல்ல, சாதாரண கேமரா. தன் முகாமைத் தானே காட்டுறா, எதைக் காட்டணும்னு தானே முடிவு பண்றா. நீங்க சிட்ரா படம் பார்த்தா அடுத்து இதையும் தேடிப் பாருங்க. ஹெட்செட் இல்லாதவங்க சிட்ராவை போன்லயே பார்க்கலாம், போனைத் திருப்பினா காட்சியும் திரும்பும்.

படத்துல 12 வயசுப் பொண்ணுக்கு இப்ப 22 தாண்டியிருக்கும். 2024 டிசம்பர்ல சிரியாவுல ஆட்சி கவிழ்ந்ததுக்கு அப்புறம் ஸாத்தாரியில இருந்தும் நிறைய குடும்பங்கள் ஊர் திரும்ப ஆரம்பிச்சிருக்காங்க. முகாம் இன்னும் இருக்கு.

அடுத்த எபிசோட்ல என் ஃப்ரெண்டே மைக்குக்கு வர்றான். கேள்வி இருந்தா வழக்கமான மெயில் ஐடிக்கு அனுப்புங்க. ஒரு கண்டிஷன் போட்டிருக்கான்: முகாமைப் பத்தி ரெண்டு கேள்விக்கு மேல கூடாது. மிச்ச நேரம் முழுக்க டேட்டாபேஸ் இன்டெக்ஸிங் பத்திப் பேசணுமாம். அதுல அவன் பெரிய ஆளு, நோட்டு எடுத்து வெச்சுக்கோங்க. வரேன்.